அலாரமா, போர்வையா, சிலிண்டரா: வீட்டுக்கு முதலில் எதை வாங்குவது?

“வீட்டுக்கு ஒரு தீயணைப்பான் வாங்கணும். தூளா, கார்பன் டை ஆக்சைடா?” நண்பர்களில் யாராவது ஒருவர் மாதத்துக்கு ஒருமுறை இதைக் கேட்டுவிடுகிறார். எங்கேயோ தீப்பிடித்த செய்தியைப் படித்திருப்பார். அன்று ராத்திரியே இணையக் கடைகளில் சிவப்புச் சிலிண்டர்களைத் தேடியிருப்பார். நான்கு வகை, ஐந்து எழுத்து, மூன்று எடை என்று பார்த்துத் தலை சுற்றி, அப்படியே விட்டிருப்பார்.

என் பதில் பெரும்பாலும் ஏமாற்றமாகத்தான் இருக்கும். சிலிண்டரில் எந்த வகை என்பது மூன்றாவது கேள்வி. அதற்கு முன்னால், தீப்பிடித்தது உங்களுக்கு எப்படித் தெரியவரும்? தெரிந்ததும் வீட்டில் இருக்கிறவர் கையில் எது உடனே அகப்படும்? இந்த இரண்டுக்கும் பதில் இல்லாத வீட்டில் சிலிண்டர் ஒரு சிவப்பு அலங்காரப் பொருள்.

## எதை வைத்து அளப்பது

நான்கு கேள்விகள் போதும்.

எல்லோரும் தூங்கும்போது அது வேலை செய்யுமா? தூக்கத்தில் நம் மூக்கும் தூங்கிவிடுகிறது. புகை நாற்றம் எழுப்பிவிடும் என்று பலர் நம்புகிறார்கள். உண்மையில் புகையிலுள்ள கார்பன் மோனாக்சைடு, ரத்தத்தின் ஹீமோகுளோபினோடு ஆக்சிஜனைவிட 200 மடங்குக்கும் மேல் இறுக்கமாக ஒட்டிக்கொள்ளும். தூங்குகிறவர் எழாமலே மயக்கத்துக்குப் போய்விடுவார்.

வீட்டில் பலம் குறைந்தவர் கையில் அது என்ன ஆகும்? வாங்குகிறவர் எப்போதும் தன்னை நினைத்தே வாங்குகிறார். தீ அவர் வீட்டில் இருக்கும் நேரம் பார்த்து வருவதில்லை.

தவறாகப் பயன்படுத்தினால் நிலைமை இன்னும் மோசமாகுமா?

கடைசியாக, வாங்கிய பிறகும், பயன்படுத்திய பிறகும் என்ன செலவு? இதைப் பற்றி விற்கிறவர் வாயே திறக்கமாட்டார்.

இதற்கெல்லாம் அடியில் ஓடுவது நேரம். பொருள்களின் பாதுகாப்பைச் சோதிக்கும் அமெரிக்காவின் யூஎல் ஆய்வகம் ஒரே அளவில் இரண்டு வரவேற்பறைகள் அமைத்து எரித்துப் பார்த்தது. நுரை சோபாவும் செயற்கை இழைத் திரையும் உள்ள இன்றைய அறை, 5 நிமிடத்துக்குள் முழுக்க ஒரே சமயத்தில் பற்றிக்கொண்டது. மரமும் பருத்தியும் நிறைந்த பழைய பாணி அறைக்குக் கிட்டத்தட்ட அரை மணி நேரம் ஆனது. தாத்தா காலத்தில் தண்ணீர் வாளியோடு ஓடி அணைத்த கதைகள் பொய்யில்லை. அவர்களுக்கு ஓட நேரம் இருந்தது, அவ்வளவுதான்.

## புகை அலாரம்

தீயை அணைக்காது. அதனாலேயே பலருக்கு இதன் மேல் மதிப்பில்லை. “சத்தம் போடுவதற்குப் பணம் கொடுக்கணுமா?” என்று ஒருவர் என்னிடமே கேட்டார். ஆனால் முதல் கேள்விக்கு “ஆம்” என்று பதில் சொல்லும் கருவி இந்தப் பட்டியலில் இது ஒன்றுதான். அமெரிக்காவில் வீட்டுத் தீயில் இறப்பவர்களில் ஏறக்குறைய ஐந்தில் மூன்று பேர், அலாரமே இல்லாத அல்லது இருந்தும் வேலை செய்யாத வீடுகளில் இருந்தவர்கள் என்று அந்நாட்டுத் தேசியத் தீப் பாதுகாப்புச் சங்கத்தின் கணக்குகள் சொல்கின்றன.

இதற்குள்ளும் ஒரு தேர்வு இருக்கிறது. அயனி வகையில் அமெரிசியம்-241 என்ற கதிரியக்கத் தனிமம் துளியளவு உண்டு. சுடர்விட்டு வேகமாக எரியும் தீயை அது சற்று முன்னதாகக் கண்டுபிடிக்கும். ஒளி வகையில் ஒரு சிறிய அறைக்குள் ஒளிக்கற்றை பாயும். புகைத்துகளில் பட்டு ஒளி சிதறியதும் அலாரம் அலறும். மெத்தைக்குள் கனன்றுகொண்டே புகைவது, சூடேறிய வயர் கருகுவது போன்ற மெதுவான தீக்கு இது முந்திக்கொள்ளும். இரண்டும் சேர்ந்த கருவியும் உண்டு. ஒன்றுதான் வாங்கமுடியும் என்றால் நான் ஒளி வகையைச் சொல்வேன். தூங்கும்போது வருவது பெரும்பாலும் கனலும் தீ. அதோடு, அயனி வகை சமையல் ஆவிக்கெல்லாம் அலறும். நாலு நாள் பொறுத்துப் பார்ப்பார்கள், ஐந்தாம் நாள் பேட்டரியைக் கழற்றிவிடுவார்கள்.

(அயனி வகையின் பிறப்பைப் பற்றி ஒரு கதை சொல்வார்கள். 1930-களில் சுவிட்சர்லாந்தின் வால்டர் யேகர் என்ற இயற்பியலாளர் நச்சு வாயுவைக் காட்டிக்கொடுக்கும் கருவி செய்யப் பார்த்தார். வாயுவுக்கு முள் அசையவே இல்லை. வெறுத்துப்போய் ஒரு சிகரெட்டைப் பற்றவைத்தாராம். முள் அசைந்தது.)

மறைந்திருக்கும் செலவுக்கு வருவோம். எல்லா அலாரமும் 10 ஆண்டில் மாற்றவேண்டியவை. சோதனைப் பொத்தானை அழுத்திச் சத்தம் வந்தால், மின்சுற்றும் ஒலியும் நன்றாக இருக்கின்றன என்றுதான் பொருள். உள்ளே இருக்கும் உணரி மங்கிப்போயிருந்தால் அது காட்டிக்கொடுக்காது. தூசியும் குட்டிப் பூச்சிகளும் உள்ளே போனால் நள்ளிரவில் பொய்யாக அலறும். மாதம் ஒருமுறை பொத்தான், அவ்வப்போது தூசி தட்டல், இதுதான் பராமரிப்பு. 10 ஆண்டு நீடிக்கும் மூடிய லித்தியம் பேட்டரி உள்ளது கிடைத்தால் அதையே வாங்கலாம். டிவி ரிமோட்டுக்கு அதிலிருந்து பேட்டரி திருட முடியாது.

அலாரங்களின் ஒலி பொதுவாக 3 மீட்டர் தூரத்தில் 85 டெசிபல். கேட்கப் பெரிதாக இருக்கும். ஆனால் வழக்கமான கீச்சுக் குரல் சுமார் 3,100 ஹெர்ட்ஸ். முதுமையில் காது முதலில் இழப்பது இந்த உயர்ந்த சுருதியைத்தான். குழந்தைகளோ அந்தச் சத்தத்திலும் தூங்குவார்கள். 520 ஹெர்ட்ஸில் ஒலிக்கும் தாழ்குரல் அலாரம் இரு தரப்பையும் நன்றாக எழுப்புகிறது. விலை கூடுதல். அது இல்லையென்றால், ஒன்று அலறினால் எல்லாமே அலறும்படி ஒன்றோடொன்று இணைத்த அலாரங்கள் அடுத்த நல்ல வழி.

அடுக்களைக்குள் மட்டும் புகை அலாரம் வேண்டாம். அங்கே வெப்ப அலாரம் போடலாம். சுமார் 57 டிகிரி செல்சியஸில் விழித்துக்கொள்ளும் வகை பரவலாகக் கிடைக்கிறது. அதையே படுக்கையறையில் மாட்டிவிட்டு நிம்மதியாக இருக்கக் கூடாது. அறை அவ்வளவு சூடாவதற்குள் புகை தன் வேலையை முடித்திருக்கும். புகை அலாரத்துக்கு இடம்: ஒவ்வொரு படுக்கையறையின் கூரையிலும், அவற்றுக்கு வெளியே நடைபாதையிலும், ஒவ்வொரு மாடியிலும். அடுப்பிலிருந்து 3 மீட்டர், மின்விசிறி இறக்கையின் நுனியிலிருந்து 1 மீட்டர் தள்ளி இருக்கட்டும்.

## தீப்போர்வை

கண்ணாடி இழையில் நெய்த ஒரு சதுரத் துணி. பராமரிப்பு என்று எதுவும் இல்லை, அழுத்தம் குறையாது, காலாவதி பற்றிய தலைவலி குறைவு. பத்து வயதுப் பிள்ளைக்குக்கூட இரண்டு நிமிடத்தில் சொல்லிக்கொடுத்துவிடலாம்.

இதன் இடம் எண்ணெய் வாணலி. வாணலித் தீயில் ஏன் தண்ணீர் ஊற்றக் கூடாது என்பது எல்லோருக்கும் தெரியும், ஆனால் பதற்றத்தில் கை தானாகக் குழாயைத் திறக்கும். தண்ணீர் எண்ணெயைவிடக் கனம் என்பதால் அடியில் இறங்குகிறது. சுற்றிலும் 300 டிகிரிக்கு மேல் கொதிக்கும் எண்ணெய். நொடியில் ஆவியாகி ஏறத்தாழ 1,700 மடங்கு விரிகிறது. மேலே இருக்கும் எரியும் எண்ணெய் முழுவதும் கூரைவரை தூக்கி எறியப்படுகிறது. ஒரு குவளைத் தண்ணீர் போதும் இதற்கு.

போர்வையை எப்படிப் போடுவது என்பதில்தான் எல்லாம் இருக்கிறது. மேல் விளிம்பைக் கைமேல் மடித்துக்கொண்டு விரல்களை மறைக்கவேண்டும். கேடயம்போல முன்னால் பிடித்து, உங்கள் பக்கத்து விளிம்பிலிருந்து அப்பால் நோக்கிப் படரவிடவேண்டும். வீசக் கூடாது. அடுப்பை அணைக்கவேண்டும். அப்புறம் தொடவே கூடாது. இந்தக் கடைசிதான் பலரும் தவறும் இடம். சமையல் எண்ணெய், வகையைப் பொறுத்து, 350 டிகிரியை ஒட்டித் தானாகவே பற்றிக்கொள்ளும். போர்வைக்கு அடியில் தீ அணைந்தாலும் எண்ணெய் அந்தச் சூட்டிலேயே நிற்கிறது. “அணைஞ்சிடுச்சா?” என்று ஓரத்தைத் தூக்கிப் பார்த்தால் காற்று உள்ளே போய் மறுபடியும் சுடர் எழும், இம்முறை முகத்துக்கு நேராக. அரை மணி நேரமாவது விடுங்கள்.

குறைகளையும் சொல்லிவிடுகிறேன். எண்ணெய்த் தீயில் ஒருமுறை போர்த்தினால் அதோடு தூக்கிப்போட வேண்டியதுதான். வாணலியைவிட நன்றாகப் பெரிதாக இருக்கவேண்டும்; ஒரு மீட்டர் சதுரத்துக்குக் குறைந்ததை வாங்காதீர்கள். சோபா, திரை, மின்பலகை எதற்கும் உதவாது. ஆடையில் தீப்பற்றியவரைத் தரையில் படுக்கவைத்துச் சுற்றுவதற்கு உதவும். பெரும்பாலானோர் இதை அடுப்புக்கு நேர் மேலே மாட்டுகிறார்கள். எரியும் வாணலிக்கு மேல் கையை நீட்டித்தான் எடுக்கவேண்டியிருக்கும். அடுக்களைக் கதவருகேதான் அதன் இடம்.

போர்வை வாங்கும்வரை என்ன செய்வது? வாணலிக்குப் பொருந்தும் உலோக மூடி இருக்கிறதே. பக்கவாட்டிலிருந்து தள்ளி மூடினால் அதுவும் இதே வேலையைச் செய்யும்.

## தீயணைப்பான்

முதலில் எழுத்துக் குழப்பம். ஏ என்றால் மரம், துணி, காகிதம். பி என்றால் பெட்ரோல் போன்ற திரவங்கள். இதுவரை எல்லா ஊரும் ஒன்று. ஆனால் சி என்பது அமெரிக்க முறையில் மின்சாரத் தீ. இந்திய, ஐரோப்பிய முறையில் எரிவாயுத் தீ. சமையல் எண்ணெய்க்கு அமெரிக்காவில் கே, ஐரோப்பாவில் எஃப். இணையத்தில் வாங்கும்போது எழுத்தை மட்டும் பார்த்து முடிவு செய்யாமல், பக்கத்தில் இருக்கும் படத்தையும் பாருங்கள்.

ஏபிசி தூள். எல்லோரும் வாங்குவது இதுதான். உள்ளே இருப்பது மோனோ அமோனியம் பாஸ்பேட். சூட்டில் உருகி எரிபொருள்மேல் கண்ணாடிபோலப் படிந்து காற்றை மறைக்கும். ஒரே கருவி பல வகைத் தீக்கும் ஆகும், விலையும் குறைவு. இனி மறுபக்கம். சுடரை அடித்து வீழ்த்தும், ஆனால் குளிரவைக்காது. எண்ணெய் வாணலியில் தீ திரும்பவும் பற்றும். பக்கத்தில் நின்று பீய்ச்சினால் எண்ணெயே சிதறும். அறைக்குள் அடித்தால் மூடுபனிபோல் எழும்பி, வெளியே போகும் கதவே கண்ணுக்குத் தெரியாது, மூச்சும் திணறும். பிரிட்டனின் பிஎஸ் 5306-8 தரநிலை 2012-இலிருந்தே, தனியாக அபாய மதிப்பீடு செய்யாமல் கட்டடத்துக்குள் தூள் வகையைத் தேர்ந்தெடுக்க வேண்டாம் என்கிறது. அப்புறம் சுத்தம் செய்வது. தூள் ஈரத்தில் அமிலத்தன்மை கொண்டு உலோகத்தை அரிக்கும். சிறிய தீயில் தப்பிய டிவியும் கணினியும் தூளால் போனதுண்டு.

கார்பன் டை ஆக்சைடு. எச்சம் எதுவும் விடாது என்பதால் மின்கருவிகளுக்கு இதுதான் அழகான தேர்வு. ஆனால் வீட்டின் சிறிய அறைக்கு இதை நான் பரிந்துரைப்பதில்லை. ஒரு சின்னக் கணக்கு போடுவோம். 2 கிலோ வாயு அறை வெப்பத்தில் ஒரு கன மீட்டருக்குச் சற்று மேல் இடம் பிடிக்கும். 2 மீட்டருக்கு 2 மீட்டர், உயரம் இரண்டரை மீட்டர் என்றால் அந்த அறை 10 கன மீட்டர். ஆக, முழுவதும் அடித்து முடித்தால் அறைக்காற்றில் பத்தில் ஒரு பங்கு கார்பன் டை ஆக்சைடு. அந்த அளவில் மனிதர் சில நிமிடங்களில் நினைவிழப்பார். கதவு மூடியிருந்தால் தீயோடு சேர்ந்து நீங்களும் அணைவீர்கள்.

மற்ற தொல்லைகளும் உண்டு. கெட்டியான சிலிண்டர் என்பதால் 2 கிலோ வாயுவுக்கு மொத்த எடை அதைப்போல் இரண்டு மடங்குக்கு மேல். கொம்பு போன்ற குழாயைப் பிடித்தால் விரல் உறைந்து புண்ணாகும். வெளியே வருவது மைனஸ் 78 டிகிரியில் இருக்கும் பனித்தூள். அழுத்தமானி கிடையாது, நிறுத்துப் பார்த்துத்தான் கசிவு தெரியும். துணி, மெத்தைத் தீயில் சுடர் போகும், கங்கு போகாது.

நீர்மூடுபனியும் ஈர ரசாயனமும். என் கருத்தில் வீட்டுக்குள் வைக்க இவைதான் பொருத்தம். கடைகளில் இவற்றைத் தேடித்தான் பிடிக்கவேண்டும். ஈர ரசாயன வகையில் பொட்டாசியம் உப்புக் கரைசல் மென்மையாகத் தூவப்படும். கொதிக்கும் எண்ணெயோடு சேர்ந்து அது மேல்பரப்பைச் சோப்பாக மாற்றி மூடிவிடுகிறது, குளிரவும் வைக்கிறது. 1818-இல் ஜார்ஜ் வில்லியம் மேன்பி என்ற ஆங்கிலேயர் செய்த, கையில் தூக்கும் தீயணைப்பானில் இருந்ததும் பொட்டாசியம் கார்பனேட் கரைசல்தான். இருநூறு ஆண்டு சுற்றி அங்கேயே வந்து நிற்கிறோம். நீர்மூடுபனி வகை, உப்பு நீக்கிய நீரை நுண்துளிகளாகத் தெளிக்கும். துணி, மரத் தீயைக் குளிரவைத்து அணைக்கும், எச்சமில்லை. சமையல் எண்ணெய்க்கும், 1,000 வோல்ட் வரை மின்கருவிக்கும் சோதித்துச் சான்று பெற்றவை உண்டு. உடலில் அந்தச் சான்று அச்சிட்டிருக்கிறதா என்று பார்த்து வாங்கவேண்டும். பெட்ரோலுக்கு ஆகாது.

எந்த வகையானாலும் ஒன்று பொது. சிறிய சிலிண்டர் பத்து நொடி சொச்சத்தில் தீர்ந்துவிடும். நான் முதன்முதலில் ஒரு பயிற்சியில் இதைக் கையில் எடுத்தபோது, கைப்பிடியைப் பூட்டியிருக்கும் உலோகப் பின்னை இழுக்காமலே, அதை முழுப் பலத்தோடு அழுத்திக்கொண்டு நின்றேன். அழுத்தினால் பின் இறுகிக்கொள்ளும், இழுத்தாலும் வராது. பயிற்சியாளர் சிரித்தார். விட்டு, இழுத்து, மறுபடி அழுத்தியதும் பயத்தில் சுடரின் உச்சியைக் குறிவைத்துப் பாதியைக் காலி செய்துவிட்டேன். குறி அடிப்பாகத்தில் இருக்கவேண்டும், பக்கவாட்டில் வீசவேண்டும், முதுகுப்பக்கம் கதவு இருக்கவேண்டும். இதையெல்லாம் ஒருமுறையாவது கையால் செய்து பார்க்காதவர் வீட்டில் சிலிண்டரின் மதிப்பு பாதிதான்.

தீக்குள் எறியும் பந்து வகையைப் பற்றியும் கேட்கிறார்கள். உள்ளே இருப்பது அதே தூள், அளவு கொஞ்சம், குறிபார்க்க வழியில்லை. விட்டுவிடலாம்.

## ஒரே பார்வையில்

| தேர்வு | தூக்கத்தில் உதவுமா | பலம் குறைந்தவர் கையில் | தவறினால் | பிற்பாடு ஆகும் செலவு |
|---|---|---|---|---|
| புகை அலாரம் | ஆம் | எதுவும் செய்யவேண்டாம் | பொய் அலறல் | 10 ஆண்டில் மாற்றல் |
| தீப்போர்வை | இல்லை | எளிது | தூக்கிப் பார்த்தால் மறுதீ | ஒருமுறைதான் |
| ஏபிசி தூள் | இல்லை | 1 கிலோ முடியும் | எண்ணெய் சிதறும், கண் மறையும் | சுத்தம், அரிப்பு, மறுநிரப்பல் |
| கார்பன் டை ஆக்சைடு | இல்லை | கனம் | மூச்சடைப்பு, உறைபுண் | எடை சோதனை, மறுநிரப்பல் |
| நீர்மூடுபனி, ஈர ரசாயனம் | இல்லை | நடுத்தரம் | ஆபத்து குறைவு | வாங்கும் விலையே அதிகம் |

## யாருக்கு எது

கையில் ஒன்றுக்குத்தான் பணம் இருக்கிறது என்றால், படுக்கையறைக்கு வெளியே ஒரு ஒளி வகை அலாரம். இதில் எனக்குத் தயக்கமே இல்லை. இரண்டாவது போர்வை. சிலிண்டர் அதன் பின்னால்.

முதியவர் தனியாக இருக்கும் வீட்டில் சிலிண்டரே வேண்டாம் என்பேன். தாழ்குரல் அலாரம், பக்கத்து வீட்டுக்காரரிடம் ஒரு சாவி, படுக்கையருகே ஃபோன், இரவில் கதவைச் சாத்திவிட்டுத் தூங்கும் பழக்கம். சாத்திய கதவு அறைக்குள் புகை வருவதைப் பல நிமிடம் தள்ளிப்போடும், அதுவும் காசில்லாமல்.

தினமும் எண்ணெயை நிறையக் காயவைக்கும் வீட்டில் வரிசை மாறலாம். அங்கே போர்வையும் அலாரமும் ஒரே நாளில் வரவேண்டும். பெரிய பாத்திரத்தில் லிட்டர் கணக்கில் எண்ணெய் என்றால் போர்வை போதாது, ஈர ரசாயன வகை தேவை.

வண்டி நிறுத்துமிடம், பட்டறை, பெயிண்டும் தின்னரும் வைத்திருக்கும் கொட்டகை: இங்கேதான் ஏபிசி தூள் தன் இடத்தில் நிற்கிறது. திறந்த வெளி, திரவ எரிபொருள், கெட்டுப்போக நல்ல சோபா இல்லை.

எரிவாயு சிலிண்டரில் எரியும் தீயைத் தீயணைப்பானால் அணைக்க ஓடாதீர்கள். வால்வை மூட முடிந்தால் மட்டும் மூடுங்கள். சுடரை அணைத்து வாயுவை விட்டுவைத்தால், காற்றைவிடக் கனமான அது தரையோடு பரவி அடுத்த பொறிக்குக் காத்திருக்கும்.

மின்சார ஸ்கூட்டரின் லித்தியம் பேட்டரிக்குள் பிடித்த தீக்கு மேலே சொன்ன எதுவும் நம்பகமான பதில் இல்லை. தூள் சுடரை அடக்கும், உள்ளே சூடு தன்னைத்தானே ஊட்டி ஏறிக்கொண்டே போகும் ‘வெப்ப ஓட்டம்’ நிற்காது. சில மணி நேரம் கழித்தும் திரும்பப் பற்றும். நிறையத் தண்ணீர் ஊற்றிக் குளிரவைப்பதுதான் தீயணைப்பு வீரர்கள் செய்வது. வீட்டில் இருப்பவர் செய்யக்கூடியது சார்ஜ் போடும் இடத்தை மாற்றுவது. வாசல் கதவை ஒட்டியோ மாடிப்படிக்கு அடியிலோ போடாதீர்கள், ஓடவேண்டிய வழியே எரியும்.

என் வீட்டுக் கணக்கையும் சொல்லிவிடுகிறேன்: அலாரம் மூன்று, அடுக்களைக் கதவுக்குப் பின்னால் போர்வை, வண்டிக்குப் பக்கத்தில் 2 கிலோ தூள், வீட்டுக்குள் ஒரு நீர்மூடுபனி. அலாரங்களின் ஓரத்தில் மார்க்கர் பேனாவால் மாற்றவேண்டிய ஆண்டை எழுதியிருக்கிறேன். முதலில் முதுகுப்பக்கம்தான் எழுதினேன். ஏணி போட்டுக் கழற்றினால்தான் அது தெரியும் என்பது அப்புறம்தான் உறைத்தது.